கிண்ணத்தின் அடியில் கோலிக்குண்டு

ஒரு மரத்தில் ஒரு பறவை கூடு கட்டியது. சிவப்பு நூல், நீலச் சிறகு, வெள்ளிக் காகிதம் என்று எங்கெங்கோ பறந்து பொறுக்கி வந்து, பிசிறு தெரியாமல் பின்னியது. கட்டி முடித்த பிறகு அதில் உட்கார அதற்கு மனம் வரவில்லை. உட்கார்ந்தால் நூல் கலைந்துவிடும். ஆகவே பக்கத்துக் கிளையில் நின்றபடியே தூங்கியது. அவ்வழியே போன அணில், “யார் வீடு இது?” என்று கேட்டது. “என் வீடுதான்” என்றது பறவை. “அப்படியானால் உள்ளே தூங்குவது யார்?” என்றது அணில். பறவை மழை வரும்வரை யோசித்துக்கொண்டிருந்தது.

நம் கதையின் மருமகளுடைய சமையலறையும் ஏறக்குறைய அந்தக் கூடுதான். உணவுப் பொட்டலங்களின் அட்டைகளில் பார்த்து நமக்கு நாவூறுகிறதே, அந்தப் பண்டங்களைப் படம் எடுப்பதற்காக அடுக்கிக் கொடுப்பது அவள் தொழில். அவள் கைபட்ட கிண்ணம் எதுவும் இதுவரை யாருடைய பசியையும் ஆற்றியதில்லை. பசியைக் கிளப்பிவிடுவதோடு அதன் கடமை முடிந்துவிடும்.

வீட்டில் சமைத்து வந்தவர் அவளுடைய அத்தை, அதாவது மாமியார். ரயில் நிலையத்தில் அறிவிப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவர். எந்த வண்டி எந்த நடைமேடைக்கு வரும் என்று ஊருக்கெல்லாம் சொல்லிச் சொல்லித் தேய்ந்த தொண்டையில் ஒரு சிறு கட்டி வளர்ந்ததும், அதை அறுத்து எடுத்ததும் சென்ற வாரங்களின் கதை. திங்கட்கிழமை மருத்துவர் மறுபடி பார்க்கும்வரை ஒரு சொல்கூடப் பேசக் கூடாது. சூடு ஆறிய சூப், கஞ்சி தவிர எதுவும் உண்ணக் கூடாது. கரண்டியால் ஒரு தட்டு தட்டினால் ஆம், இரண்டு தட்டினால் இல்லை. அத்தையின் பேச்சு இப்போது அவ்வளவே.

தொலைபேசியில் நாத்தனார் சொன்ன சொல் மருமகளின் காதில் இன்னும் காயாமல் இருந்தது.

“அண்ணி, உங்க சாப்பாடு பார்க்கத்தான் நல்லா இருக்கும். அம்மா பாதியா இளைச்சுட்டாங்க. சனிக்கிழமை சாயங்காலம் காரோட வர்றேன். இனிமே அம்மா எங்கூடவே இருக்கட்டும்.”

இன்று சனிக்கிழமை.

காலையில் கருவிப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு புறப்பட்ட கணவனை அவள் வாசலில் மறித்தாள். அவன் லிஃப்ட் பழுது பார்ப்பவன். உயரமான கட்டடங்களில் ஏறி இறங்குவது அவனுக்குக் கைவந்த கலை. வாயிலிருந்து ஒரு சொல்லை இறக்குவதுதான் பெரும்பாடு.

“இன்னிக்கு உங்க தங்கச்சி வர்றா.”

“ம்.”

“அம்மாகிட்ட ஒரு வார்த்தை கேட்டீங்களா? போறீங்களா, இருக்கீங்களான்னு.”

“நீ கேட்டியா?”

“நான் கேட்டா, போகச் சொல்ற மாதிரி இருக்கும்.”

“நான் கேட்டா, போகாதேன்னு கையைப் பிடிச்சு நிறுத்துற மாதிரி இருக்கும்.”

இருவர் சொன்னதும் நியாயம்தான். ஆகவே இருவரும் கேட்கவில்லை.

அவன் செருப்பை மாட்டிக்கொண்டே சொன்னான். “லிஃப்ட் ரிப்பேர். எல்லா மாடியிலயும் பலகை மாட்டியிருக்கேன். யாரு வந்தாலும் படியிலதான் வரணும்.”

“நேத்து ராத்திரி ஓடிச்சே. நீங்களே சரி பண்ணிட்டுப் போகக் கூடாதா?”

“ஸ்பேர் பார்ட் வரணும்.”

சொல்லிவிட்டுப் படிகளில் இறங்கினான். ஒரே நாளில் அவன் இத்தனை சொற்கள் பேசியது அவளுக்குச் சற்று வியப்பாகத்தான் இருந்தது. ஆனால் அன்றைய வேலை தலைக்குமேல் கிடந்ததால் அந்த வியப்பை மடித்து ஓரமாக வைத்தாள்.

அத்தை போகக் கூடாது என்பதே அவள் விருப்பம். அதற்கு அவள் வைத்திருந்த காரணம் மிகச் சிறியது. அவள் வேலை செய்யும்போது அத்தை பின்னால் ஒரு முக்காலியைப் போட்டு உட்கார்ந்துகொள்வார். “இடப்பக்கம் கொஞ்சம் சாய்ஞ்சிருக்கு” என்பார். “இந்தத் தக்காளி களைச்சுப் போச்சு, ஆளை மாத்து” என்பார். எப்போதாவது, நிலையத்துக் குரலில், “பயணிகளின் கவனத்திற்கு, பச்சைப் பட்டாணி விளிம்பை விட்டு விலகி நிற்கவும்” என்பார். கணவன் உட்பட வேறு யாருமே அவள் வேலையை வேலையாக நினைத்துப் பார்த்ததில்லை. இந்தக் காரணத்தை நாத்தனாரிடம் சொன்னால் சிரிப்பாள். அத்தையிடம் சொல்லவோ அவளுக்குக் கூச்சம்.

சொல்லத் தெரியாத பிரியத்தை அவள் தன் கைவேலையில் காட்டினாள். முந்தின மாலை அத்தையின் துணிகளை எடுத்து, ஓரத்துக்கு ஓரம் பொருந்த மடித்து, வெளிர்நிறம் மேலும் அடர்நிறம் கீழுமாக, பார்ப்பவர் கண்ணில் ஒற்றிக்கொள்ளும்படி பையில் அடுக்கினாள். அத்தை வாசற்படியில் நின்று பார்த்தார். அருகில் வந்து மேல்மடிப்பை இரண்டு விரல்களால் தடவினார். பிறகு தம் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். போவதற்கு அத்தைக்குச் சம்மதம் போலிருக்கிறது என்று மருமகள் எண்ணினாள். கதவுக்கு அந்தப் பக்கம் என்ன எண்ணம் ஓடியது என்று அவளுக்கு எப்படித் தெரியும்?

முற்பகலில் புகைப்படக்காரர் வந்து சேர்ந்தார். விளக்குகளையும் தாங்கிகளையும் இரண்டு தோளிலும் சுமந்து ஏழு மாடி ஏறியதில், அவரிடமிருந்து முதலில் சொல் வரவில்லை; மூச்சுதான் வந்தது.

“லிஃப்ட் மெக்கானிக் குடியிருக்கிற கட்டடத்துல லிஃப்ட் ஓடல. இதை யார்கிட்ட மேடம் சொல்லி அழறது?”

“பலகை மாட்டியிருக்காங்களே, பார்க்கலையா?”

“ஒவ்வொரு மாடியிலயும் பார்த்தேன். ஏழு தடவை படிச்சாச்சு. இனி மனப்பாடம்.”

அன்றைய வேலை ஒரு பொட்டலத்துக்கான அட்டைப்படம். ஐந்தே நிமிடத்தில் காய்கறி சூப் என்பது அதன் மேல் வரப்போகும் வாசகம். அந்த ஐந்து நிமிடச் சூப்பைப் படத்துக்குத் தயார் செய்ய அவளுக்குப் பாதி நாள் பிடித்தது.

முதலில் ஒரு கூடை காரட்டிலிருந்து பத்துப் பன்னிரண்டு வில்லைகளைத் தேர்ந்தெடுத்தாள். அத்தை இவற்றுக்குக் கதாநாயகர்கள் என்று பெயர் வைத்திருந்தார். வளைந்தவை, வெடித்தவை, நடுவில் வெளுத்தவை எல்லாம் துணை நடிகர்கள். பீன்ஸ், பட்டாணி, உருளைக்கிழங்கு, முட்டைக்கோஸ், தக்காளி எல்லாவற்றிலும் இதே பாகுபாடுதான். கதாநாயகர்களைக் கொதிநீரில் முக்கி, கண் இமைக்கும் நேரத்தில் எடுத்து, பனிக்கட்டி மிதக்கும் நீரில் போட்டாள். அப்போதுதான் நிறம் உறைந்து நிற்கும்.

துணை நடிகர்களை ஒரு பெரிய பாத்திரத்தில் கொட்டி, நீர் ஊற்றி, பின்னடுப்பில் ஏற்றினாள். கிண்ணத்தில் ஊற்ற இளமஞ்சள் நிறத்தில் சாறு வேண்டும். சாறு நிறம் இறங்கியதும் தெளிவாக இரண்டு கரண்டி மொண்டுகொண்டாள். தீயைத் தணித்து, மூடியைச் சாய்த்து வைத்தாள். அடுப்பை அணைக்க மறந்துபோனாள்.

அத்தை முக்காலியில் வந்து உட்கார்ந்தார். அவர் கை தவறாமல் கரண்டியைப் பிடித்திருந்தது.

மருமகள் ஆழமான வெள்ளைக் கிண்ணத்தின் அடியில் கண்ணாடிக் கோலிக்குண்டுகளைப் பரப்பினாள். காய்கள் மூழ்கிப்போகாமல் மேலே தலைகாட்டி நிற்க வேண்டுமல்லவா, அதற்கு அவைதாம் அடித்தளம். அதன்மேல் சாற்றை ஊற்றி, இடுக்கியால் ஒவ்வொரு வில்லையாக வைத்தாள். மெல்லிய தூரிகையால் கிளிசரின் தடவினாள். காய்கள் அப்போதுதான் மழையில் நனைந்தவைபோல மினுங்கின. கிண்ணத்துக்குப் பின்னால் வெந்நீரில் நனைத்த பஞ்சை ஒளித்துவைத்ததும் ஆவி எழுந்தது.

“அத்தை, இடப்பக்கம் சரியா இருக்கா?”

இரண்டு தட்டு. அவள் ஒரு பட்டாணியை நகர்த்தினாள்.

“இப்போ?”

ஒரு தட்டு.

புகைப்படக்காரர் கருவியின் பின்னாலிருந்து பெருமூச்சு விட்டார். “பசி வயித்தைக் கிள்ளுது மேடம். படம் முடிஞ்சதும் இதை நான் எடுத்துக்கவா?”

“பல்லு மேல ஆசை இல்லைன்னா எடுத்துக்கோங்க.”

அத்தையின் தோள்கள் குலுங்கின. அவர் ஓசையின்றிச் சிரிக்கப் பழகியிருந்தார். இன்னும் சில மணி நேரத்தில் இந்த முக்காலி காலியாகிவிடும் என்ற நினைப்பு அவளுக்கு வந்தது. அதையும் இடுக்கியால் எடுத்து ஓரமாக வைத்தாள்.

மதியம் விளக்குகளை அணைத்துவிட்டு அத்தைக்கு உணவு செய்தாள். அதிலும் அவள் குறை வைக்கவில்லை. நல்ல காய்களாகவே எடுத்து, ஒரே அளவில் நறுக்கி, கொதிநீரில் முக்கி எடுத்து, உப்பிட்ட சாற்றில் மிதக்கவிட்டாள். ஐந்து நிமிடம்கூட ஆகவில்லை. காரட் செக்கச்செவேலென்றும் பீன்ஸ் பச்சைப்பசேலென்றும் இருந்தன. கோலிக்குண்டு மட்டும்தான் இல்லை.

அத்தை சாற்றை மெதுவாகக் குடித்தார். காய்களைக் கரண்டியால் ஒதுக்கி, கிண்ணத்தின் ஒரு பக்கமாக வரிசையாக நிறுத்தினார். மருமகளின் கைவேலையைக் குலைக்க மனமில்லாதவர்போல, நிறம் பார்த்து நிறுத்தினார். பிறகு கிண்ணத்தைத் திருப்பிக் கொடுத்தார்.

“இன்னும் கொஞ்சம் சாப்பிடுங்க அத்தை.”

இரண்டு தட்டு.

“பிடிக்கலையா?”

கரண்டி அசையவில்லை. ஆம் என்றால் பொய். இல்லை என்றாலும் பொய். இரண்டுக்கும் நடுவில் தட்டுவதற்கு அந்தப் பாஷையில் இடமில்லை.

மருத்துவமனையிலிருந்து வந்த நாள்முதல் ஒவ்வொரு வேளையும் இதேதான் நடந்தது. நம் கைச்சாப்பாடு அத்தைக்கு இறங்கவில்லை, மகள் வீட்டுக்குப் போக நாளெண்ணிக்கொண்டிருக்கிறார் என்று மருமகள் கணக்குப் போட்டுவிட்டாள்.

நாத்தனார் சொன்ன வேளைக்கு முன்பே வந்துவிட்டாள். அவள் கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பவள். தெருவில் நின்ற காரின் உச்சியில் பயிற்சிப் பலகை இருந்தது. அவள் நாவிலும் அது எப்போதும் இருந்தது. ஏழு மாடி ஏறிய கோபத்தோடும் வியர்வையோடும் நேரே சமையலறைக்குள் நுழைந்தாள்.

“கட்டடமா அண்ணி இது? மலைப்பாதை. நாலாம் மாடியிலயே எனக்கு இன்ஜின் ஆஃப்.”

“உட்காரு. தண்ணி தர்றேன்.”

மருமகள் தண்ணீர் எடுக்கத் திரும்பினாள். புகைப்படக்காரர் எடுத்த படத்தை நிறுவனத்துக்கு அனுப்பிவிட்டு, பால்கனியில் தொலைபேசியோடு நின்றிருந்தார். அவர்கள் சரி என்று சொல்லும்வரை யாரும் தொடக் கூடாத கிண்ணம் மேசைமேல் இன்னும் மினுமினுத்தது. காலையிலிருந்து பாடம் நடத்திவிட்டு மதிய உணவைத் தவறவிட்ட நாத்தனாரின் கண்ணில் அது பட்டது.

“பரவாயில்லையே, நல்லாத்தான் பண்றீங்க,” என்று சொல்லிக்கொண்டே பக்கத்திலிருந்த கரண்டியை எடுத்து ஆழமாக ஒரு வாய் மொண்டாள்.

மருமகள் திரும்பியபோது ஓசைதான் முதலில் கேட்டது. கல்லில் கல் பட்ட ஓசை.

நாத்தனார் வாய்க்குள் விரலை விட்டு ஒரு பச்சைக் கோலிக்குண்டை வெளியே எடுத்தாள். அதை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். 

“அண்ணி,” என்றாள் மிக அமைதியாக. “அம்மாவுக்கு இதைத்தான் தினமும் கொடுக்கிறீங்களா?”

“இது படத்துக்கு. சாப்பிடுறதுக்கு இல்லை.”

“அப்ப அம்மாவுக்கு எது? ரிவர்ஸ்ல போகாதீங்க. நேரா பதில் சொல்லுங்க.”

மருமகள் மதியக் கிண்ணத்தை எடுத்து வைத்தாள். நிறவாரியாக நின்ற காய்களை நாத்தனார் உற்றுப் பார்த்தாள். ஒரு காரட் துண்டை எடுத்து வாயில் போட்டாள். கறுக்கென்று ஓசை வந்தது. பீன்ஸ் ஒன்றைப் போட்டாள். அதுவும் கறுக்கென்றது.

“தொண்டையில கத்தி வச்சவங்க இதை எப்படி அண்ணி முழுங்குவாங்க? இது முயலுக்குப் போடுற தீனி.”

 மருமகளின் மனக்கண்ணில் இத்தனை நாள் கிண்ணங்களும் வரிசையாக வந்தன. காயை அவள் நிறம் பார்த்து இறக்கியிருந்தாள், பதம் பார்க்கவில்லை. நிறம் மங்கும் முன்பே தீயிலிருந்து எடுப்பது பல ஆண்டுப் பழக்கம். வெந்த காய் அவள் தொழிலில் கெட்டுப்போன காய். விழுங்க முடியாத ஒன்றை வேளைதோறும் கொடுத்துவிட்டு, பிடிக்கவில்லை போலும் என்று அவள் மனம் சுருங்கியிருக்கிறாள். ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்று பள்ளியில் படித்ததுண்டு. அட்டைப்படச் சுரைக்காயைப் பற்றி யாரும் சொல்லித் தரவில்லை.

“சொல்லியிருக்கலாமே அத்தை,” என்றாள்.

சொல்லிய பிறகுதான் அது எவ்வளவு பொருந்தாத பேச்சு என்று அவளுக்கு விளங்கியது.

அத்தை முக்காலியிலிருந்து எழுந்தார். காலையிலிருந்து பின்னடுப்பில் மறதியாய்க் கிடந்த பாத்திரத்தை நோக்கி நடந்தார். மூடியைத் திறந்தார். உள்ளே துணை நடிகர்கள் எல்லாரும் உருத்தெரியாமல் குழைந்து கிடந்தார்கள். காரட்டின் சிவப்பும் பீன்ஸின் பச்சையும் கலந்து சேற்றுநிறம் ஆகியிருந்தன. உருளைக்கிழங்கு கரைந்து சாறு தடித்திருந்தது. அத்தை குனிந்து முகர்ந்தார். அகப்பையை எடுத்து, ஒரு காரட்டைப் பாத்திரத்தின் சுவரோடு வைத்து அழுத்தினார். அது எதிர்ப்பு எதுவும் காட்டாமல் வழிந்தது.

மருமகள் அகப்பையை அவர் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள். மீதியை அவளே மசித்தாள். மசிக்கும் வேலைக்கு அவள் கை பழகியதல்ல. முழங்கை வரை தெறித்தது. நார் தட்டாமல் வடிகட்டி, உப்பும் ஒரு சிறு கட்டி வெண்ணெயும் போட்டுக் கலக்கினாள். கிண்ணத்தில் ஊற்றியபோது விளிம்பெல்லாம் வழிந்தது. துடைக்கத் துணியை எடுத்தவள், துடைக்காமலே கொண்டுவந்து வைத்தாள்.

அத்தை குடித்தார். நடுவில் நிறுத்தவில்லை. கடைசியில் கரண்டி கிண்ணத்தின் அடியைச் சுரண்டும் ஓசை கேட்டது. மருத்துவமனையிலிருந்து வந்த நாள்முதல் அந்த வீட்டில் கேட்காத ஓசை அது.

“இன்னும் வேணுமா அத்தை?”

கேள்வி முடியும் முன்பே ஒரு தட்டு விழுந்தது.

பால்கனியிலிருந்து வந்த புகைப்படக்காரர், “ஓகே சொல்லிட்டாங்க மேடம்,” என்றார். பாத்திரத்தை எட்டிப் பார்த்தார். “இதைப் படம் எடுத்துப் போட்டா கம்பெனியை இழுத்து மூட வேண்டியதுதான்.” அப்படிச் சொன்னவர் இரண்டு கிண்ணம் குடித்துவிட்டு, விளக்குகளைச் சுமந்துகொண்டு படியிறங்கினார்.

நாத்தனாரும் ஒரு கிண்ணம் குடித்தாள். பல்லை நாவால் தடவிப் பார்த்துக்கொண்டே, “எங்கிருந்து அண்ணி கத்துக்கிட்டீங்க?” என்றாள்.

“அடுப்பை அணைக்க மறந்துட்டேன்.”

நாத்தனார் சிரித்துவிட்டாள். ஆனால் வந்த காரியத்தை அவள் மறக்கவில்லை. “சரி, நேரமாகுது. அம்மா, கிளம்பலாமா? பை எங்க?”

மருமகள் பையை எடுத்து வந்தாள். அந்த நேரத்தில்தான் கணவன் உள்ளே வந்தான்.

“ஏன்ணா, அம்மாவை இப்ப எப்படிக் கீழ கூட்டிட்டுப் போறது? ஏழு மாடி இறங்குவாங்களா?”

“கஷ்டம்தான். ஸ்பேர் பார்ட் செவ்வாய்க்கிழமைதான் வருமாம்.” அவன் தங்கையைப் பார்க்கவில்லை, சூப் பாத்திரத்தைப் பார்த்தான்.

மருமகள் அவனைப் பார்த்தாள். பொருள்களின் மேல் ஒரு துளி நீர் அதிகமா குறைவா என்று பார்ப்பதே பிழைப்பாகக் கொண்ட கண் அது. புகைப்படக்காரர் நனைந்து வந்தார். நாத்தனார் நனைந்து வந்தாள். இவன் நெற்றியில் ஒரு முத்து வியர்வை இல்லை. சட்டையின் மடிப்புகூடக் கலையவில்லை.

அவள் பார்த்ததை அத்தையும் பார்த்தார். கரண்டியோடு எழுந்து வாசலைக் கடந்து நடந்தார். மூவரும் பின்னாலேயே போனார்கள். லிஃப்ட் கதவில் மகனின் கையெழுத்தில் ‘பழுது’ என்ற பலகை தொங்கியது. ரயில் நிலையத்தில் வர முடியாத வண்டி வேறு, வரவிடாமல் வெளியே நிறுத்தப்பட்ட வண்டி வேறு. இரண்டுக்கும் ஒரே அறிவிப்பைத்தான் வாசிப்பார்கள். ஆனால் வாசிப்பவருக்கு வித்தியாசம் தெரியும். அத்தை பலகையைக் கழற்றி மகன் கையில் கொடுத்தார். பொத்தானை அழுத்தினார்.

பொத்தானில் விளக்கு எரிந்தது. லிஃப்ட் சாதுவாகக் கதவைத் திறந்தது. அன்று முழுவதும் பலகையைப் படித்தவர்கள் யாரும் ஒருமுறை பொத்தானை அழுத்திப் பார்க்கவில்லை. எழுத்துக்கு உலகம் கொடுக்கும் மரியாதை அப்படி.

“அண்ணா,” என்றாள் நாத்தனார்.

அவன் பலகையைப் பின்புறம் திருப்பிப் பிடித்துக்கொண்டான்.

“அப்புறம் பேசிக்கிறேன் உங்கிட்ட. அம்மா, வா, ஏறு.”

அத்தை லிஃப்டின் வாசலில் ஒரு காலை வைத்துக் கதவை நிறுத்தினார். ஏறவில்லை. திரும்பி மருமகளைப் பார்த்தார். பிறகு அவள் கையிலிருந்த பையைப் பார்த்தார். அந்தப் பார்வை எங்கே போய் நிற்கிறது என்பதை மருமகள் அப்போதுதான் கண்டாள். முந்தின மாலை மேல்மடிப்பைத் தடவிய விரல்களும், சாத்திய கதவும் அவளுக்கு நினைவு வந்தன. அத்தனை அழகாக அடுக்கப்பட்ட பையைப் பார்த்தவர், போய்வாருங்கள் என்பதைத் தவிர வேறு எதை அதில் வாசித்திருக்க முடியும்?

“அத்தை, இந்தப் பையை நான் அடுக்கினது,” என்று தொடங்கினாள்.  “அழகா அடுக்கினேன்னா, போகச் சொல்றேன்னு அர்த்தமில்லை. எனக்கு அடுக்கத்தான் தெரியும். வேற எதுவும் செய்யத் தெரியல.”

அத்தை காத்திருந்தார்.

“நீங்க போயிட்டா இடப்பக்கம் சாய்ஞ்சிருக்குன்னு சொல்ல எனக்கு ஆளில்லை. போகாதீங்க.”

நாத்தனார் அண்ணியை ஒருமுறை பார்த்தாள்.  பிறகு தாயிடம், மாணவரிடம் கேட்பதுபோல அல்லாமல், மகள் கேட்பதுபோலவே கேட்டாள்.

“அம்மா, எங்கூட வர்றியா, இல்லையா? நீயே சொல்லு.”

அத்தை மகளின் கன்னத்தை ஒரு கையால் தடவினார். மற்றக் கையால் லிஃப்டின் கதவில் இரண்டு முறை தட்டினார்.

இறங்க வழியில்லாமல் இருந்துவிட்டார் என்று இனி யாரும் சொல்ல முடியாது. வழி திறந்து நின்றது, அவர்தாம் போகவில்லை.

நாத்தனார் லிஃப்டுக்குள் ஏறினாள். “திங்கட்கிழமை ஆஸ்பத்திரிக்கு நானும் வருவேன். அம்மா பேசுற முதல் வார்த்தையை நான் கேட்கணும்,” என்றாள். “அண்ணி, அதுவரைக்கும் அடுப்பை அணைக்காதீங்க.” கதவு மூடியது.

அத்தை தம் அறைக்குப் போனார். இந்த முறை கதவைச் சாத்தவில்லை.

சமையலறையில் கணவன் கோலிக்குண்டுகளை ஒவ்வொன்றாகக் கழுவினான். மருமகள் அவற்றைத் துணியில் துடைத்தாள். அவன் முகத்தில் பிடிபட்டவனின் அசட்டுக்களையை எதிர்பார்த்தாள். அங்கே வேறு ஏதோ இருந்தது.

“அம்மா போகக் கூடாதுன்னா வாயைத் திறந்து சொல்லியிருக்கலாம். எதுக்கு ஊரையே படி ஏற வச்சீங்க?”

“திங்கட்கிழமை வரைக்குமாவது அம்மா இங்க இருக்கணும்.”

“திங்கட்கிழமை என்ன?”

அவன் குழாயை மூடினான். அதனால் அவன் குரல் எண்ணியதைவிடச் சற்று உரக்க ஒலித்தது.

“டாக்டர் எங்கிட்ட மட்டும் சொன்னாரு. பேச்சு வரும். ஆனா அந்தப் பழைய குரல் திரும்ப வராதாம். திங்கட்கிழமைக்குள்ள நான்தான் அம்மாகிட்ட சொல்லணும். எப்படிச் சொல்றதுன்னு தெரியல.”

மருமகளின் கையிலிருந்த கோலிக்குண்டு நழுவி, தரையில் உருண்டு, சமையலறையைத் தாண்டி, திறந்திருந்த அறையின் வாசலில் போய் நின்றது. மருத்துவர் கட்டிப்போட்டிருந்தது அத்தையின் குரலைத்தான், காதை அல்ல.

அறைக்குள்ளிருந்து கரண்டி ஒலித்தது. ஒரு தட்டு. இரண்டாவது தட்டு.  பிறகு மூன்றாவது தட்டும் விழுந்தது.

ஒன்று என்றால் ஆம். இரண்டு என்றால் இல்லை. மூன்றுக்கு அந்த வீட்டில் யாரும் இன்னும் பொருள் வைத்திருக்கவில்லை.